டாலாவில் தங்கிவிட்டவர்

ஒரு வயதான நடிகரை யாங்கூனிலிருந்து பாங்காக் வரை கூட்டி வர வேண்டும். வேலை அவ்வளவுதான். பாங்காக்கில் அவருடைய மகள் லீன் காத்திருப்பாள். அங்கிருந்து பெல்ஜியத்துக்கு அவள் பார்த்துக்கொள்வாள். பத்திரிகையில் எழுதுகிறவள் என்பதால் அவளுக்கு மியன்மார் விசா தரவில்லை. நாகப்பட்டினத்தில் சும்மா இருந்த எனக்குப் போன் செய்தாள். நான் கிளம்பிவிட்டேன்.

நான் நர்ஸ். பெல்ஜியத்தில் ஃப்ளெமிஷ் பேசும் பக்கத்தில் ஆஸ்டெண்ட் என்று ஒரு கடற்கரை ஊர். அங்கே ஒரு முதியோர் இல்லத்தில் பல வருஷம் வேலை பார்த்தேன். லீனின் அம்மா தன் கடைசிக் காலத்தை அங்கேதான் கழித்தார். அவருடைய முன்னாள் கணவர்தான் யோரிஸ்.

யோரிஸை அந்த நாட்டில் தெரியாதவர்கள் கிடையாது. தொலைக்காட்சியில் வெகுகாலம் ஓடிய ஒரு துப்பறியும் தொடரில் இன்ஸ்பெக்டராக நடித்தவர். எங்கள் இல்லத்துக் கூடத்தில் மதியம் அதைத்தான் மறுபடி மறுபடி போடுவார்கள். சொந்தப் பிள்ளைகளின் பேரை மறந்துவிட்ட கிழவிகளுக்கு இன்ஸ்பெக்டரின் பேர் மட்டும் மறக்கவில்லை. ஒருமுறை அவர் லீனின் அம்மாவைப் பார்க்க வந்தார். வராந்தாவில் அவர் நடந்து வர வர, சக்கர நாற்காலிகளில் இருந்த பெண்கள் எல்லாரும் தலைமுடியைச் சரிசெய்துகொண்டார்கள். நான் அவரை நேரில் பார்த்தது அந்த ஒரு தடவைதான்.

பிறகு அவர் பர்மாவுக்குப் போய்விட்டார் என்று கேள்விப்பட்டோம். இப்போது பக்கவாதம். பேச்சு போய்விட்டது, என்னவோ உளறுகிறார், யாருக்கும் புரியவில்லை என்றாள் லீன்.

யாங்கூனில் இறங்கியதும் கண்ணில் பட்டது கார் வரிசை. பெட்ரோல் பங்க் எங்கோ இருக்க, வரிசை மூன்று தெரு தாண்டி நின்றது. காருக்குள்ளேயே ஆட்கள் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள், தூங்கிக்கொண்டிருந்தார்கள். என் டாக்ஸிக்காரர் ஏசி போடவில்லை. எண்ணெய்க்கு ரெண்டு நாள் நின்றேன், மன்னியுங்கள் என்று ஆங்கிலத்தில் சொன்னார். அவருக்கு ஒரு மகன். பதினெட்டு முடிந்ததிலிருந்து அவனை வெளியில் விடுவதில்லையாம். ராணுவத்துக்குப் பிடித்துப் போகிறார்கள். பையன் வீட்டிலேயே இருந்து இருந்து குண்டாகிவிட்டான் என்று சொல்லிச் சிரிக்கப் பார்த்தார், சிரிப்பு வரவில்லை.

ஹோட்டல் இருந்த தெருவில் ஜெனரேட்டர்களின் இரைச்சல். திடீரென்று எல்லாம் அடங்கி, எதிர் மாடியிலிருந்து ஒரு பெண் குரல் கொடுத்தாள். "மீ லாபி." கரண்ட் வந்துவிட்டது என்று அர்த்தம். தெரு முழுக்க அதே வார்த்தை பால்கனிக்குப் பால்கனி தாவிப் போயிற்று. உடனே மோட்டார் போடுகிற சத்தம், அரிசி களைகிற சத்தம். நம் ஊரில் புயலுக்குப் பிறகு ஒரு வாரம் இப்படி இருப்போம். இங்கே இதுதான் எல்லா நாளும்.

மறுநாள் காலை ஆற்றைக் கடந்து யோரிஸ் இருந்த டாலாவுக்குப் போனேன். யாங்கூனின் உயரமான கட்டடங்கள் முதுகுக்குப் பின்னால் நிற்கும்போதே எதிரே கூரைக் குடிசைகள் தொடங்கிவிடுகின்றன. படகில் காடை முட்டை விற்றார்கள். வெற்றிலை விற்ற பெண் என் நெற்றிப் பொட்டைப் பார்த்துவிட்டு, தமிழில், "எந்த ஊரு?" என்றாள். நாகப்பட்டினம் என்றதும், அவளுடைய பாட்டனார் கப்பல் ஏறியது அங்கேதான் என்று சொன்னாள். அதற்கு மேல் அவளுக்குத் தமிழ் வரவில்லை. இரண்டு பேரும் சிரித்துக்கொண்டோம்.

கரையில் சைக்கா கிடைத்தது. ரிக்‌ஷாதான், ஆனால் ஒருவர் முன்னால் பார்த்தும் ஒருவர் பின்னால் பார்த்தும் உட்கார வேண்டும். நான் பின்னால் பார்த்து உட்கார்ந்தேன். பாதி வழியில் சேற்றில் சக்கரம் இறங்கி, மருந்துப் பையோடு சரிந்து விழுந்தேன். ஓட்டி வந்தவர் பதறிப்போய்த் தன் லுங்கி நுனியால் என் பையைத் துடைத்தார். முழங்கையில் சிராய்ப்போடு மீதித் தூரம் நடந்தேன்.

மூங்கில் தட்டி அடைத்த வீடு. கம்பங்களின் மேல் நின்றது, அடியில் மழைத்தண்ணீர். வாசலில் யோரிஸைக் கவனித்துக்கொள்ளும் செல்வி நின்றாள். நாற்பத்தைந்து வயதிருக்கும். கன்னத்தில் சந்தனம் மாதிரி அரைத்துப் பூசும் தனக்கா, இடுப்பில் லுங்கி, நெற்றியில் குங்குமம். முன்பு ஷ்வேப்யிதாவில் துணி ஃபேக்டரியில் இருந்தாளாம். அது மூடிவிட்டதால் காலையில் படகுத்துறையில் பரோட்டாவும் பட்டாணிக் கறியும் விற்கிறாள். லீன் அனுப்பிய ஆள் நான் என்று சொன்னதும் முதலில் என் முழங்கையைத்தான் கழுவிவிட்டாள்.

"சயாவ நல்லாத்தான் பாத்துக்கறோம் அக்கா," என்றாள். சயா என்றால் ஆசான். யோரிஸை அந்தப் பகுதி முழுக்க அப்படித்தான் அழைத்தது. "ஆனா என்ன சொல்றாருன்னு வெளங்கல. கோவம் வருது. நான் எல்லாத்துக்கும் ஹொக்கே ஹொக்கேன்னுருவேன்."

ஹொக்கே என்றால் பர்மியத்தில் ஆமாம்.

உள்ளே கொசுவலைக்குள் அவர் படுத்திருந்தார். நீளமான மனிதர், கட்டிலுக்கு வெளியே கால் நீட்டிக்கொண்டிருந்தது. வலது கை அசையவில்லை. வாய் ஒரு பக்கம் இறங்கியிருந்தது. செல்வி அவரைச் சுத்தமாக வைத்திருந்தாள். முதுகில் ஒரு புண்கூட இல்லை. என் தொழிலில் அதுதான் நான் முதலில் பார்ப்பது.

நான் ஒழுங்கான டச்சில் வணக்கம் சொன்னேன். பள்ளிக்கூடத்திலும் டிவியிலும் பேசுகிற டச்சு. அவர் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். பிறகு ஏதோ முணுமுணுத்தார். அது உளறல் இல்லை. ஆஸ்டெண்ட் மீனவர்கள் வீட்டுக்குள் பேசுகிற பேச்சு. என் இல்லத்துக் கிழவர்களைக் குளிப்பாட்டியும் சோறூட்டியும் நான் கற்றுக்கொண்ட பேச்சு. அதே பேச்சில் பதில் சொன்னேன். அவர் மெல்லத் திரும்பி என்னைப் பார்த்தார். ஒரு கறுத்த தமிழச்சி வாயிலிருந்து அது வந்ததைக் கேட்டு அவர் இடது பக்க உதடு மட்டும் சிரித்தது.

லீன் போனில் சொல்லியிருந்ததும் இப்போது எனக்குப் பொருந்தி வந்தது. யோரிஸ் மீன்பிடிப் படகுக்காரரின் மகன். அவர் சிறுவனாக இருந்தபோதே அப்பாவின் படகு ஒரு குளிர்காலத்தில் திரும்பவில்லை. சர்ச் மண்டபத்து நாடகங்களில் நடித்துப் பேர் வாங்கி, ஆண்ட்வெர்ப்பில் நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். அங்கே அவருடைய பேச்சைக் கேட்டு மற்றவர்கள் சிரித்தார்கள். மேடையில் மீன் நாற்றம் வேண்டாம் என்றாராம் வாத்தியார். இரண்டே வருஷத்தில் பேச்சை மாற்றிக்கொண்டார். மாற்றிய பேச்சில்தான் இன்ஸ்பெக்டர் ஆனார், நாடகங்களில் அரசர்கள் ஆனார், புகழும் வந்தது.

ஐம்பது வயதுக்கு மேல் படம் இயக்க ஆரம்பித்தார். முதல் இரண்டையும் கொண்டாடினார்கள். மூன்றாவதை ஆஸ்டெண்ட் மீனவர்களைப் பற்றி எடுத்தார், அவர்கள் பேச்சிலேயே எடுத்தார். அவர்கள் நாட்டுக்காரர்களுக்கே அது புரியாமல் படத்துக்கு அடியில் எழுத்துப் போட வேண்டியதாயிற்று. முதல் நாள் காட்சியில், படகுக்காகப் பெண்கள் துறைமுகத்தில் காத்து நிற்கும் இடத்தில், யாரோ அந்தப் பேச்சைக் கேட்டுச் சிரித்தார்கள். அரங்கம் முழுக்கத் தொற்றிக்கொண்டது. யோரிஸ் இடைவேளையிலேயே எழுந்து போனார். அதற்குப் பிறகு அவர் அந்த நாட்டில் படம் எடுக்கவில்லை.

பக்கவாதம் பள்ளிக்கூடத்து டச்சு, பிரெஞ்சு, ஆங்கிலம், தத்தித் தத்திக் கற்ற பர்மியம் எல்லாவற்றையும் கொண்டுபோய்விட்டது. முதலில் வந்த பேச்சு மட்டும் மிச்சம். இப்படி நடப்பதுண்டு. இல்லத்தில் இரண்டு மூன்று பேரிடம் பார்த்திருக்கிறேன்.

நான் அவருக்கு ரத்த அழுத்தம் பார்த்துக்கொண்டிருந்தபோது அவர் வாசலைக் காட்டி ஒன்றையே கேட்டார். "இஸ்ன் ஓல் பின்ன்?"

செல்வி அடுப்படியிலிருந்து உடனே, "ஹொக்கே சயா, ஹொக்கே," என்றாள்.

அவர் சட்டென்று எழுந்திருக்கப் பார்த்தார். கண்ணாலேயே வீட்டை ஒரு மூலை விடாமல் தேடினார். யாரும் இல்லை என்றதும் இடது கையால் கட்டில் சட்டத்தைக் குத்தினார். தினமும் இதுதான் நடக்கிறது என்றாள் செல்வி. மூளை கலங்கிவிட்டது போல என்றாள்.

"என்ன கேக்கறாரு அக்கா?"

படகு வர வேண்டிய நேரத்தில் ஆஸ்டெண்டில் துறைமுகத்துப் பெண்கள் ஒருவரை ஒருவர் கேட்டுக்கொள்கிற கேள்வி அது. வந்து சேர்ந்துட்டானா? நான் அதைச் சொன்னேன். செல்வி கையிலிருந்த மாவைக் கீழே வைத்தாள். யாரைக் கேட்கிறார் என்பது அவளுக்கு உடனே தெரிந்துவிட்டது. எனக்குத் தெரிய அந்தப் பிற்பகல் முழுவதும் ஆனது.

யோரிஸ் ஒரு வெளிநாட்டுப் படத்தில் சின்ன வேஷத்துக்காக யாங்கூன் வந்தவர். நாடு திறந்துகொண்டிருந்த காலம் அது. படப்பிடிப்பு முடிந்து எல்லாரும் போனார்கள். போவதற்கு முன் அவர் த்வாண்டே பக்கம் ஒரு தமிழ்க் கோவில் திருவிழாவுக்குப் போனார். அங்கே நாடகம். செல்வியின் கணவன் முருகன் அதில் செத்துப்போகும் ராஜா. பகலில் துறைமுகத்தில் சரக்கு எண்ணுகிற வேலை. வெள்ளைக்காரர் சின்னப் பிள்ளைகளோடு தரையில் உட்கார்ந்து பார்த்தார். ராஜா செத்து விழுந்ததும் எழுந்து மேடைக்குப் பின்னால் போய்விட்டார்.

"நெசமாவே செத்துட்டாருன்னு நெனச்சாராம்," என்றாள் செல்வி. "அவரு எந்திரிச்சு உக்காந்து பீடி பத்த வச்சத பாத்ததும் கட்டிப் புடிச்சுக்கிட்டாரு. அன்னைலேந்து ரெண்டு பேரும் ஒண்ணுதான்."

நகரத்தில் ஒரு டீக்கடை மாடியில் இருவரும் நாடகம் போட்டார்கள். யோரிஸ் இயக்க, முருகன் நடிக்க. வசனம் எழுதினால் அனுமதி வாங்க வேண்டும் என்பதால் பேச்சே இல்லாத நாடகங்கள். பிறகு ராணுவம் ஆட்சியைப் பிடித்து, நாடு மறுபடி மூடிக்கொண்டது. ஜனங்கள் தட்டும் பானையும் அடித்துக்கொண்டு தெருவில் நின்ற அந்த முதல் வாரங்களில் முருகனும் தெருவில் ஒரு நாடகம் போட்டான். தொப்பி அணிந்த ஒருவன் ஒரு நாற்காலியை விட்டு எழுந்திருக்கவே மாட்டேன் என்கிறான். அவ்வளவுதான் கதை. ஜனங்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். சில மாதம் கழித்து ராணுவத்தார் வீட்டுக்கு வந்து அவனைக் கூட்டிப் போனார்கள். சட்டை மாற்றக்கூட விடவில்லை.

வெளிநாட்டுக்காரர்கள் எல்லாரும் கிளம்பியபோது யோரிஸ் நகரத்து வீட்டைக் காலி செய்துவிட்டு டாலாவுக்கு வந்து சேர்ந்தார். சிறைக்குப் பொட்டலம் கொண்டுபோகும் நாட்களில் செல்வியோடு வரிசையில் நின்றார். பேச மாட்டார். இத்தனை உயரமான வெள்ளைக்காரர் ஒருவர் பார்த்துக்கொண்டு நிற்கிறார் என்றால் உள்ளே அடி கொஞ்சம் குறையும் என்று நம்பினார். செல்வியின் மகனைத் தாய்லாந்துக்கு வழி சொல்லி அனுப்பி வைத்ததும் அவர்தான்.

போன மழைக்காலத்துக்கு முன் பக்கவாதம் வந்து விழுந்தார். அவர் ஆஸ்பத்திரியில் இருந்தபோது செல்வியைச் சிறைவாசலுக்குக் கூப்பிட்டனுப்பினார்கள். முருகன் இறந்துவிட்டான். நெஞ்சுவலி என்றார்கள். உடம்பைக் கேட்டாள். எரித்தாகிவிட்டது என்றார்கள். அவனுடைய லுங்கியையும் மூக்குக் கண்ணாடியையும் ஒரு பையில் போட்டுக் கொடுத்தார்கள்.

"சயாட்ட சொல்லல. இருக்குற நெலமையில எப்பிடிச் சொல்றது? அவருக்கும் கேக்க வாய் இல்லன்னுல்ல நெனச்சேன்." அடுப்பைக் கிளறிவிட்டு, "கேட்டுக்கிட்டேதான் இருந்திருக்காரு. நான் ஹொக்கே ஹொக்கேன்னு சொல்லியிருக்கேன்," என்றாள்.

அடுத்த நாள் நான் யோரிஸிடம், ஊருக்குப் போகிறோம், லீன் காத்திருக்கிறாள் என்று சொன்னேன். அவர் கட்டில் சட்டத்தைப் பிடித்துக்கொண்டார். அவன் வராமல் நான் இறங்க மாட்டேன் என்றார். விரல்களைப் பிரித்தேன், மறுபடி பிடித்தார். ஒற்றைக் கையில் அத்தனை பலம். அவரை இப்படியே சைக்காவிலும் படகிலும் விமானத்திலும் ஏற்ற முடியாது.

ஹோட்டல் மாடிக்குப் போய், விட்டு விட்டுக் கேட்கிற போனில் லீனிடம் விஷயத்தைச் சொன்னேன். முருகன் பாங்காக்கில் காத்திருக்கிறான் என்று சொல்லிவிடுங்கள் என்றாள். எதையாவது சொல்லிக் கூட்டி வாருங்கள், பாங்காக் வந்த பிறகு நான் பார்த்துக்கொள்கிறேன். எனக்கும் அதுதான் சரி என்று பட்டது. இல்லத்தில் இதுமாதிரி எத்தனை சொல்லியிருக்கிறேன். இறந்துபோன கணவன்மார் எல்லாரும் எங்கள் வாயில் கடைக்குப் போயிருந்தார்கள்.

செல்வி ஒத்துக்கொள்ளவில்லை.

"எங்க வீட்டுக்காரரு பேருல இன்னொரு பொய் வேண்டாங்க்கா. அவரு செத்ததுக்கே அவங்க ஒரு பொய்தான் சொன்னாங்க. சயாவோட பேச்சுல எப்பிடிச் சொல்றதுன்னு எனக்குச் சொல்லிக் குடுங்க. நீங்க சொல்ல வேண்டாம். நாந்தான் சொல்லணும்."

கடல் கொண்டுபோனவனைப் பற்றி ஆஸ்டெண்டில் செத்தான் என்று சொல்ல மாட்டார்கள். தங்கிவிட்டான் என்பார்கள். நான் அதையே சொல்லிக் கொடுத்தேன். "ஈ இஸ் ஹெப்ளேவ்ன்." அவள் அரிசி களைந்துகொண்டே சொல்லிப் பார்த்தாள். கடைசிச் சத்தம் அவளுக்கு வரவில்லை. உலை வைத்துவிட்டு, கையைத் துடைத்துக்கொண்டு, கொசுவலையைத் தூக்கிக் கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தாள். முருகனின் கண்ணாடியை அவர் மார்பின் மேல் வைத்தாள். அவர் கண்ணைப் பார்த்துச் சொன்னாள்.

அவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு அந்தச் சொல்லைத் தானும் சொன்னார், கடைசிச் சத்தத்தோடு சரியாக. அவளைத் திருத்தினாரா, ஏற்றுக்கொண்டாரா என்று எனக்குத் தெரியவில்லை. செல்வி அவர் சொன்ன மாதிரியே இன்னொரு முறை சொன்னாள். இந்தத் தடவை சரியாக வந்தது.

எப்போது என்று கேட்டார். நான் இருவருக்கும் நடுவில் உட்கார்ந்து மாற்றி மாற்றிச் சொன்னேன். சிறைவாசலில் எத்தனை நேரம் நிற்க வைத்தார்கள், யார் சொன்னது, என்ன கொடுத்தார்கள், எல்லாம் கேட்டார். அவள் எல்லாம் சொன்னாள். இத்தனை மாதத்தில் அவர்கள் பேசிக்கொண்டது அதுதான் முதல் தடவை. முடிந்ததும் அவர் கட்டில் சட்டத்திலிருந்து கையை எடுத்துக் கண்ணாடியின் மேல் வைத்துக்கொண்டார். போகலாம் என்றார் என்னிடம்.

அடுத்த நாள் அவருக்குச் சவரம் செய்துவிட்டேன். செல்வி துறையிலிருந்து மொஹிங்கா வாங்கி வந்து, நூடுல்ஸைக் குழம்போடு பிசைந்து மசித்து ஊட்டினாள். நன்றாகச் சாப்பிட்டார். ரத்த அழுத்தம் நான் வந்த நாளைவிடக் குறைவாகவே இருந்தது. லீன் பாங்காக் வந்து இறங்கிவிட்டாள்.

நாங்கள் புறப்பட வேண்டிய நாளுக்கு முந்தைய காலை, செல்வி அவருக்குத் தலை வாரிக்கொண்டிருந்தாள். பேசிக்கொண்டே வாரினாள், அவருக்குப் புரியாத தமிழில். சீப்போடு சேர்ந்து தலை சாய்ந்தது. நான் வெளியிலிருந்து ஓடி வந்து, தெரிந்ததையெல்லாம் செய்து பார்த்தேன். இரண்டாவது பக்கவாதம். டாலாவில் அப்போது என்னைத் தவிர வேறு வைத்தியம் இல்லை.

லீனுக்கு நான்தான் சொன்னேன். அவரிடம் உண்மையைச் சொன்னீர்களா என்று கேட்டாள். செல்வி சொன்னாள், நான் சொல்லிக் கொடுத்தேன் என்றேன். உண்மையைச் சொன்னதால் போனாரா, எப்படியும் போயிருப்பாரா என்று என்னால் சொல்ல முடியாது. முன்பே பாதி சேதமான மூளை. ஆனாலும் அன்று முழுக்க அந்தக் கேள்வி என்னை விடவில்லை.

செல்வி என் கையைத் தொட்டு, ஒன்று கேட்க வேண்டும் என்றாள். சயாவை இங்கேயே எரிக்கலாமா என்று அந்தப் பெண்ணைக் கேளுங்கள். நான் கேட்டேன். அங்கே அவருக்காக அழ ஆள் இருக்கிறதா என்றாள் லீன். இருக்கிறது என்றேன். சரி என்றாள்.

தூதரகத்துக்கும் வார்டு ஆபீசுக்கும் அலைந்ததை விட்டுவிடுகிறேன். டாலாவிலிருந்து படகில் அவரைக் கொண்டு வந்தோம். அக்கம்பக்கத்துப் பெண்கள் பத்துப் பேர், துறையில் டீக்கடை வைத்திருக்கும் பர்மியக் கிழவர், கோவில் பண்டாரம். இளைஞர்கள் யாரும் வரவில்லை. வழியில் சோதனைச் சாவடி இருக்கிறது. மின்சாரச் சுடுகாட்டில் கரண்ட் இல்லை. வராந்தாவில் உடம்பை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தோம். எங்களுக்கு முன்னால் இரண்டு குடும்பங்கள்.

செல்வி அவருக்கு விபூதி பூசினாள். வாய்க்கரிசி போட்டாள். மகன் ஊரில் இல்லாததால் தானே எல்லாம் செய்வதாகச் சொன்னாள். பண்டாரம் மறுத்துப் பார்த்துவிட்டு விட்டுவிட்டார். மந்திரம் தொடங்குவதற்கு முன், பேர் என்னம்மா என்று கேட்டார்.

"மொதல்ல முருகன்னு சொல்லுங்க. அப்புறம் யோரிஸ்."

"ஒடம்பு ஒண்ணுதானேம்மா?"

"ஒண்ணுதான். எனக்கு அந்த ஒண்ணுகூடக் குடுக்கல," என்றாள் செல்வி.

பண்டாரம் வராந்தாவின் இரண்டு பக்கமும் பார்த்தார். குரலைத் தணித்துக்கொண்டு இரண்டு பெயர்களையும் சொன்னார். அப்போதுதான் செல்வி அழுதாள். முருகன் போன மாதங்களில் அக்கம்பக்கத்தார் காதுக்குப் பயந்து அழவே இல்லையாம், பிறகு சொன்னாள். பக்கத்தில் காத்திருந்த பர்மியக் குடும்பத்திலிருந்து ஒரு பெண் எழுந்து வந்து அவள் முதுகைத் தடவிக்கொடுத்தாள். புருஷன் என்று நினைத்திருப்பாள். யாரும் திருத்தவில்லை.

பாதி அஸ்தியைச் செல்வி ஆற்றில் விட்டாள். மீதியை ஒரு த்வாண்டே மண்பானையில் போட்டுத் துணி கட்டி என்னிடம் தந்தாள். பாங்காக் விமான நிலையத்தில் லீன் தூரத்திலேயே தெரிந்தாள். அவள் கையில் ஒரு கனத்த கம்பளிக் கோட்டு. ஆண்கள் அணிவது. ஊரில் இறங்கினதும் அப்பாவுக்குக் குளிருமே என்று கிளம்பும்போதே எடுத்து வைத்தாளாம், ஹோட்டலில் விட்டுவிட்டு வர மனசு வரவில்லை என்றாள். நான் பானையைக் கொடுத்தேன். அவள் தரையில் உட்கார்ந்து, கோட்டை விரித்து, பானையை நடுவில் வைத்து, கோட்டின் கைகள் இரண்டையும் குறுக்கே மடித்துச் சுற்றி, பொத்தான்களை ஒவ்வொன்றாகப் போட்டாள்.